இரண்டு பேர் அமரும் பயிற்சி கிளைடர் வடிவமைப்பு: எங்கிருந்து தொடங்குவது?

கோவை_ஏரோ எழுதியது:

எல்லோருக்கும் வணக்கம். ஏரோநாட்டிக்கல் இன்ஜினியரிங் கடைசி வருஷம் படிக்கிறேன். நாங்கள் நான்கு பேர் சேர்ந்து புராஜெக்டுக்காக இரண்டு பேர் அமரும் ஒரு பயிற்சி கிளைடரை (இன்ஜின் இல்லாமல் பறக்கும் விமானம்) வடிவமைக்கிறோம். முழு விமானமாகக் கட்டப்போவதில்லை. கணக்கு, வரைபடம், காற்றுச் சுரங்கத்துக்கு ஒரு சிறிய மாடல், அவ்வளவுதான்.

இதுவரை முடிவு செய்தது: இறக்கை நீளம் நுனிக்கு நுனி 20 மீட்டர், முழுக்க கார்பன் ஃபைபர், சக்கரம் உள்ளே மடங்கும், கிளைடு ரேஷியோ 42 (ஒரு மீட்டர் இறங்குவதற்குள் 42 மீட்டர் முன்னே போகும்). இருக்கைகளை ஒன்றன்பின் ஒன்றாக வைப்பதா, பக்கத்தில் பக்கத்தில் வைப்பதா என்பதில் குழுவுக்குள்ளேயே சண்டை. பக்கத்தில் இருந்தால் ஆசிரியர் மாணவனின் முகத்தைப் பார்க்கலாம் என்பது என் கட்சி.

எங்களில் யாரும் கிளைடரில் ஏறியதில்லை. ஏறியவர்கள் யாராவது இருந்தால், இந்த எண்கள் சரியான திசையில் இருக்கின்றனவா என்று சொல்லுங்கள். மென்பொருளில் ஏரோஃபாயிலை, அதாவது இறக்கையின் குறுக்குவெட்டு வடிவத்தை, போட்டுப் பார்த்துக்கொண்டே இரண்டு வாரம் போய்விட்டது.

---

பழைய_பட்டறை எழுதியது:

தம்பி, நான் பறந்தவன் இல்லை, பழுது பார்த்தவன். மரக் கிளைடர்களில் பல வருஷம் கை வைத்திருக்கிறேன். உங்கள் கட்சிக்கு நம் நாட்டிலேயே முன்னுதாரணம் உண்டு. டெல்லியில் சிவில் ஏவியேஷன் துறையின் தொழில்நுட்ப மையம் வடிவமைத்த ரோகிணி, 1961இல் முதலில் பறந்தது. அதில் இருவரும் பக்கத்தில் பக்கத்தில்தான் உட்காருவார்கள். பின்னால் அதே மையத்திலிருந்து வந்த ஆர்த்ராவில் ஒருவர் பின் ஒருவர். இரண்டு ஏற்பாட்டையும் நம்மவர்கள் செய்து பார்த்திருக்கிறார்கள்.

கார்பன் பற்றி ஒன்று சொல்கிறேன். பயிற்சி கிளைடர் அடி வாங்கும். வாரம் தவறாமல் வாங்கும். பிளைவுட் உடைந்தால் கண்ணுக்குத் தெரியும், வெட்டி எடுத்து ஒட்டுப்போட்டுவிடலாம். நீங்கள் எந்தப் பொருளில் வேண்டுமானாலும் செய்யுங்கள், ஆனால் அடிபட்ட இடத்தை மெக்கானிக் கண்டுபிடிக்க வழி இருக்கட்டும். இருக்கைக்கு அடியில் கையை விட்டுத் தடவிப் பார்க்க ஒரு மூடி வையுங்கள். அது இல்லாத கிளைடரோடு நான் மிகவும் கஷ்டப்பட்டிருக்கிறேன்.

---

காரைக்குடி_கிளைடர் எழுதியது:

தம்பி, நான் ஜெர்மனியில் ஹெஸ்ஸன் மாநிலத்தில் வேலை பார்க்கிறேன். சனி ஞாயிறுகளில் இங்கே ஒரு கிளப்பில் கிளைடர் கற்றுக்கொடுக்கிறேன். ஐயா சொன்ன மூடியை முதலில் குறித்துக்கொள். அதற்குப் பின் மற்றதைப் பேசலாம்.

உன் எண்கள் ஒரு நல்ல கிளைடருக்கான எண்கள்தான். ஆனால் அது நாலு மணி நேரம் ஊர் ஊராகச் சுற்றிவரும் கிளைடர். பயிற்சி கிளைடரின் ஒரு நாள் வேறு மாதிரி இருக்கும். எங்கள் கிளப்பில் தரையில் நிற்கும் வின்ச் இயந்திரத்தால் கேபிளை இழுத்து 400 மீட்டர் உயரத்தில் விடுகிறோம். ஐந்து, ஆறு நிமிஷத்தில் கீழே வந்துவிடும். அடுத்த மாணவன் ஏறுவான். நல்ல நாளில் ஒரே கிளைடர் இப்படி 30, 40 முறை ஏறி இறங்கும். அந்த ஆறு நிமிஷத்துக்குக் கிளைடு ரேஷியோ 34 போதுமா, 42 வேண்டுமா என்று யாரும் கவலைப்படுவதில்லை. தரையைத் தொடுவது எவ்வளவு எளிது, வெயிலில் நின்று பத்துப் பேர் தள்ளிக்கொண்டு போக எவ்வளவு கனம், நெட்டையும் குட்டையுமான மாணவர்கள் மாறி மாறி ஏறினால் பெடல் எட்டுமா, இவைதான் அங்கே கேள்வி. 20 மீட்டர் இறக்கை கூடுதல் கனம், பக்கவாட்டில் சாய்வதும் மெதுவாக இருக்கும். முதல் மாதம் கையால் ஸ்டிக்கையும் காலால் ரடர் பெடலையும் சேர்த்து அசைக்கத் தடுமாறும் பிள்ளைக்கு அது உதவாது.

நான் ஒரே ஒரு கிளைடரை மட்டும் எடுத்துச் சொல்கிறேன், ஏனென்றால் அதில்தான் நான் கற்றேன், அதில்தான் இன்றும் கற்றுக்கொடுக்கிறேன். ஏஎஸ்கே 21. அலெக்சாண்டர் ஷ்லைஹர் நிறுவனம் ரோன் மலையடிவாரத்தில் போப்பன்ஹவுசன் என்ற சிறிய ஊரில் இருக்கிறது, 1927இலிருந்து அங்கேயே. ஊருக்கு மேலே வாசர்குப்பே மலை, 950 மீட்டர். 1920இலிருந்து அங்கே கிளைடர் போட்டிகள் நடந்தன. இந்தக் கிளைடரை வரைந்தவர் ருடால்ஃப் கைசர். பெயரில் உள்ள 'கே' அவர்தான். 1979 பிப்ரவரியில் முதலில் பறந்தது. ஐயா சொன்ன ஆர்த்ரா பறந்ததும் அதே 1979தான், அது மரத்தில், இது ஃபைபர் கிளாஸில். 21-ஐ 900க்கு மேல் கட்டியிருக்கிறார்கள், இன்னும் கட்டுகிறார்கள்.

இறக்கை 17 மீட்டர், பரப்பு 17.95 சதுர மீட்டர், வெறும் எடை சுமார் 360 கிலோ, ஆட்களோடு அதிகபட்சம் 600. கிளைடு ரேஷியோ 34, மணிக்கு 90 கிலோமீட்டரில். அந்த வேகத்தில் விநாடிக்கு சுமார் 0.74 மீட்டர் இறங்கும். நீயே வகுத்துப் பார்.

கைசருக்கு இது முதல் இரட்டை இருக்கை இல்லை என்பதுதான் எனக்கு முக்கியமாகப் படுகிறது. 1950களில் கே 2, அப்புறம் கே 7, 1966இல் ஏஎஸ்கே 13, கடைசியாக 21. ஒரே மனிதர், ஒரே வேலை, இருபது வருஷத்துக்கு மேல். கே 7-இல் இறக்கை உயரத்தில் இருந்தது. பின்னால் உட்காரும் ஆசிரியருக்கு அது பார்வையை மறைத்தது. 13-இல் இறக்கையை உடலின் நடுவுக்கு இறக்கினார். கே 7-இல் உட்கார்ந்து கற்றுக்கொடுத்தவர்கள் புகார் சொல்லாமல் அந்த மாற்றம் வந்திருக்காது. உன் குழுவும் ஏரோஃபாயிலை ஒரு வாரம் மூடிவைத்துவிட்டு, கற்றுக்கொடுக்கும் யாரிடமாவது பேசுங்கள்.

சரி, இருக்கை. நீ எங்கிருந்து தொடங்குவது என்று கேட்டாய் அல்லவா? இங்கிருந்துதான்.

பயிற்சி கிளைடரில் இன்று இருவர் பறப்பார்கள், நாளை அதே மாணவன் தனியாகப் பறப்பான். ஆசிரியரின் 90 கிலோ திடீரென்று இல்லாமல் போகும். அப்போது ஈர்ப்பு மையம் நகரக்கூடாது, நகர்ந்தாலும் கொஞ்சமாக நகர வேண்டும். முதல்முறை தனியாகப் போகிறவனுக்கு ஸ்டிக் கையில் வேறு மாதிரி இருந்தால் அது அநியாயம். ஒரு கணக்குப் போட்டுக் காட்டுகிறேன். 360 கிலோவைத் தவிர மற்ற தூரங்களை நான் கணக்குக்காக எடுத்துக்கொண்டேன், 21-இன் உண்மையான அளவுகள் அல்ல.

இறக்கையின் முன்விளிம்பிலிருந்து அளக்கிறோம். வெறும் கிளைடரின் மையம் 0.75 மீட்டர் பின்னால். முன் இருக்கை 1.25 மீட்டர் முன்னால், அதில் 70 கிலோ. தனியாகப் பறந்தால் மையம் 0.42-இல் வரும். இப்போது 90 கிலோ ஆசிரியர் ஏறுகிறார். அவர் இருக்கை 0.20 மீட்டர் பின்னால் இருந்தால், மையம் 0.39-க்கு வரும். 4 செ.மீ. நகர்வு. அதே இருக்கையை 0.20 மீட்டர் முன்னால் வைத்தால் 0.32-க்குப் போய்விடும். 11 செ.மீ. இறக்கையின் சராசரி அகலமே ஒரு மீட்டரும் கொஞ்சமும்தான் என்றால் 11 செ.மீ. எவ்வளவு பெரிது என்று பார்.

அதனால் ஆசிரியரை ஈர்ப்பு மையத்துக்குப் பக்கத்தில் உட்காரவைக்க வேண்டும். ஆனால் அங்கேதான் இறக்கையைத் தாங்கும் முக்கிய உத்தரமான ஸ்பாரும் ஓட வேண்டும். இரண்டும் ஒரே இடத்தைக் கேட்கின்றன. ஸ்பாரை ஆசிரியரின் முதுகுக்குப் பின்னால் கொண்டுபோகலாம், ஆனால் இறக்கையின் தூக்கு விசை மையத்துக்குப் பக்கத்தில் வர வேண்டுமே? அதற்குத்தான் இறக்கையை முன்னோக்கிச் சாய்க்கிறார்கள். அடிப்பகுதி ஆசிரியருக்குப் பின்னால், நுனி முன்னால். ஏஎஸ்கே 13-ஐ மேலிருந்து எடுத்த படத்தில் பார், 6 டிகிரி முன்சாய்வு கண்ணுக்கே தெரியும். செக்கோஸ்லோவாக்கியாவின் பிளானிக்கிலும் 5 டிகிரி உண்டு. 21-இல் ஒன்றரை டிகிரிதான். முன்சாய்ந்த இறக்கை காற்றில் முறுக்கிக்கொள்ளப் பார்க்கும், அதற்கு விறைப்பு வேண்டும், விறைப்புக்கு எடை வேண்டும். எவ்வளவு சாய்ப்பது என்பது உன் குழு முதலில் உட்கார்ந்து பேச வேண்டிய விஷயம். ஏரோஃபாயில் அதற்கு அப்புறம்தான்.

பக்கத்தில் பக்கத்தில் வைத்தால் இந்தத் தலைவலி வேறு வடிவில் வரும். இருவருமே மையத்துக்கு முன்னால் போய்விடுவார்கள், உடலும் அகலமாகி இழுவை கூடும். முகத்தைப் பார்க்கலாம் என்பது உண்மை, நல்ல காரணமும்கூட. ஆனால் மாணவன் மூக்கின் நடுவில் இல்லாமல் ஓர் ஓரமாக உட்கார்ந்து கற்பான். மூக்கின் நடுவில் உட்கார்ந்து கற்றவன் அதே இடத்திலிருந்து தனியாகப் பறப்பது எனக்குப் பிடித்த ஏற்பாடு. நான் பின்னால் உட்கார்ந்துகொண்டு மாணவனின் தோளைப் பார்ப்பேன். பயம் வந்தால் தோள் காதுவரை ஏறும். முகம் தேவைப்பட்டதில்லை.

மீதியை இரவு எழுதுகிறேன்.

---

கோவை_ஏரோ எழுதியது:

அக்கா, மிக்க நன்றி. முன்சாய்வு பற்றி எங்கள் வகுப்பில் போர் விமானத்தை வைத்துத்தான் சொன்னார்கள், இப்படி ஒரு காரணம் இருக்கும் என்று நினைக்கவே இல்லை. உங்கள் கணக்கை எக்செல்லில் போட்டுவிட்டேன், சரியாக வருகிறது. ஒரு சந்தேகம்: 70 கிலோ என்று ஏன் எடுத்தீர்கள்? ஸ்பின், அதாவது வேகம் குறைந்து கிளைடர் சுழன்றுகொண்டே விழுவது பற்றியும் சொல்லுங்கள். பயிற்சி கிளைடர் ஸ்பின்னே ஆகாதபடி வடிவமைப்பதுதான் பாதுகாப்பு என்று எங்கள் குழுவில் ஒருவன் சொல்கிறான்.

---

காரைக்குடி_கிளைடர் எழுதியது:

70 கிலோ நல்ல கேள்வி. 21-இன் முன் இருக்கையில் பாராசூட்டோடு சேர்த்துக் குறைந்தபட்சம் 70 கிலோ இருக்க வேண்டும், அதிகபட்சம் 110. காக்பிட்டில் எழுதி ஒட்டியிருப்பார்கள். நான் 51 கிலோ. பாராசூட் ஒரு 7. மொத்தம் 58.

முதல் நாள் கிளப்பில் எல்லார் முன்னாலும் என்னை எடை மெஷினில் நிறுத்தினார்கள். எண்ணைப் பார்த்ததும் ஒரு பெரியவர் ஒன்றும் பேசாமல் கொட்டகைக்குள் போய், ஈயத் தகடுகளை எடுத்துக்கொண்டு வந்தார். முன்னால் என் காலுக்கு அந்தப் பக்கம் அவற்றைப் பூட்டினார். என்னைவிட ஒல்லியான 14 வயதுப் பிள்ளைகள் இங்கே அதே தகடுகளோடு தனியாகப் பறக்கிறார்கள், இங்கே தனியாகப் பறக்க அதுதான் குறைந்த வயது. நாற்பது வருஷத்துக்கு முன்னால் ஒருவர் வரைபலகையில் உட்கார்ந்து, ஒல்லியான ஒருத்தி வருவாள் என்று யோசித்து அந்த இடத்தை விட்டுவைத்திருக்கிறார். அன்று எனக்கு வந்த மரியாதை இன்றுவரை குறையவில்லை.

நம் கணக்கில் 58-ஐப் போடு. மையம் 0.47-க்குப் பின்வாங்கும், 5 செ.மீ. பின்னால் போகப் போக ஸ்டிக் லேசாகிவிடும், கிளைடர் தானாக நிதானத்துக்குத் திரும்பும் குணம் குறையும், ஸ்பின்னில் விழுந்தால் வெளியே வராமலும் போகலாம். குறைவது 12 கிலோ. ஆனால் தகடு முன்னால் 1.90 மீட்டரில் இருந்தால் 9 கிலோவே போதும், நெம்புகோல் நீளம் அதிகம் அல்லவா? உன் வரைபடத்தில் அந்தத் தகடுகளுக்கு ஒரு பெட்டி இருக்கிறதா? கழன்று பெடலுக்கு அடியில் போகாதபடி பூட்டு இருக்கிறதா?

இப்போது ஸ்பின். இதில் எனக்கு அழுத்தமான கருத்து உண்டு. 21 ரொம்ப சாது. ஸ்டிக்கை முழுக்க இழுத்துப் பிடித்தால் தலையை ஆட்டிக்கொண்டு மெதுவாக இறங்கும், ஸ்பின் ஆகவே மாட்டேன் என்னும். அதனால் பல பேர் உயிரோடு இருக்கிறார்கள் என்று நம்புகிறேன். ஆனால் இதிலேயே கற்றவன் நாளை ஒற்றை இருக்கைக் கிளைடரில் ஏறுவான். அது சாது இல்லை. தரைக்கு 150 மீட்டர் மேலே, கடைசித் திருப்பத்தில், வேகம் குறைந்து ரடரை அதிகமாக மிதித்தால் அது ஒரு இறக்கையைக் கீழே போட்டுவிடும். அந்த உணர்வு எப்படித் தொடங்கும் என்று அவனுக்கு உடம்பில் தெரிந்திருக்க வேண்டும். அதனால் 21-க்கே வாலில் எடை பூட்டி, மையத்தைப் பின்னுக்குத் தள்ளி, ஸ்பின் பழக்கும் வழி பின்னால் வந்தது. போலந்தின் புஹாச் கிளைடர் எடை எதுவும் பூட்டாமலே நன்றாக ஸ்பின் ஆகும், நான் ஸ்பின் கற்றது அதில்தான். பின்னால் வந்த டிஜி 1000 கிளைடரில் வாலுக்குள்ளேயே எடை வைக்கப் பெட்டி இருக்கிறது.

ஆகவே உன் நண்பனிடம் சொல்: தினசரிப் பாடத்துக்குச் சாதுவாக இருக்கட்டும். ஆசிரியர் வேண்டும் என்று முடிவெடுத்த நாளில் மட்டும் ஸ்பின் ஆகட்டும். வால் பெட்டி அதற்குத்தான். ஒரு எச்சரிக்கை: வாலில் எடை இருக்கிறது என்பதை மறந்துவிட்டு அடுத்த ஒல்லிப் பையன் தனியாக ஏறிவிடக்கூடாது. காக்பிட்டில் உட்கார்ந்தபடியே அது தெரிய வேண்டும்.

மடங்கும் சக்கரம் வேண்டாம். மாணவன் இறக்க மறப்பான். 21-இல் நிலையான பெரிய சக்கரம், மூக்கில் ஒரு சின்னச் சக்கரம், வாலில் ஒன்று. ஆள் ஏறியதும் மூக்கில் நிற்கும், இறங்கியதும் வாலில் நிற்கும். என் மாணவி ஒருத்தி போன கோடையில் தரைக்கு மேல் ஒரு மீட்டரில் ஸ்டிக்கை முன்னால் தள்ளிவிட்டாள். மூக்குச் சக்கரம் அடி வாங்கியது. நாங்கள் இருவரும் நடந்து வெளியே வந்தோம், அன்று மாலை கிளைடரைத் திருப்பிப் பார்த்துவிட்டு மறுநாள் மறுபடி பறந்தோம். அந்தச் சின்னச் சக்கரம் இழுவையைக் கூட்டும், உன் 42-ஐக் குறைக்கும். பரவாயில்லை, வை.

ஏர்பிரேக்கை, அதாவது இறக்கையிலிருந்து எழும்பி கிளைடரைச் சீக்கிரம் இறக்கும் தகட்டை, நன்றாகப் பெரிதாக வை. ஐரோப்பிய விதியான சிஎஸ் 22, ஏர்பிரேக் திறந்திருக்கும்போது இறங்கும் பாதை 1க்கு 7-ஐவிடத் தட்டையாக இருக்கக்கூடாது என்கிறது. அதைவிடச் செங்குத்தாக இருந்தால் இன்னும் நல்லது. உயரமாக வந்துவிட்ட மாணவனுக்கு அதுதான் தப்பிக்கும் வழி. பலத்துக்கும் அதே விதியைப் பார்: சாதாரண வகைக்கு எடையின் 5.3 மடங்கு, வித்தைப் பறப்புக்கு 7 மடங்கு, பாதுகாப்புக்காக அதை ஒன்றரையால் பெருக்க வேண்டும்.

கார்பனா ஃபைபர் கிளாஸா? 17 மீட்டருக்குக் கிளாஸ் போதும். விலையும் குறைவு, ஐயா கேட்ட மாதிரி அடி பட்ட இடத்தை வெளுத்துக் காட்டும். வெள்ளை பெயின்ட் மட்டும் அடி. இழைகளை ஒட்டிப் பிடிக்கும் ரெசின் சூட்டில் இளகும், பலச் சோதனையையே 54 டிகிரியில் வைத்துச் செய்வார்கள். நம் ஊர் மே மாத வெயிலில் கறுப்பு இறக்கை எந்தச் சூட்டுக்குப் போகும் என்று உனக்கே தெரியும்.

களைப்பு, அதாவது திரும்பத் திரும்ப வளைந்து பொருள் பலம் இழப்பது பற்றியும் ஒரு வார்த்தை. பிளானிக் 1956இல் முதலில் பறந்த அலுமினியக் கிளைடர், இரண்டாயிரத்துக்கு மேல் கட்டினார்கள், பாதி உலகம் அதில் கற்றது. 2010 ஜூனில் ஆஸ்திரியாவில் ஒன்றின் இறக்கை பறக்கும்போதே முறிந்தது, ஸ்பாரில் களைப்பு விரிசல். இரண்டு பேர் இறந்தார்கள். உலகம் முழுக்க அந்த வகையை நிறுத்திவைத்தார்கள். பயிற்சி கிளைடரின் வயதை மணியில் மட்டும் எண்ணாதே. ஒவ்வொரு வின்ச் இழுப்பும் ஸ்பாரை ஒரு முறை வளைக்கிறது. எங்கள் மாதிரிக் கிளப்பில் ஒரு மணி நேரத்துக்குப் பத்து இழுப்பு.

ஒரு வீட்டுப்பாடம் தருகிறேன். உன் வகுப்பில் எல்லாரையும் எடை போடு. கூச்சப்படுகிறவர்களின் பெயர் வேண்டாம், எண் மட்டும். ஐரோப்பியப் புத்தகத்தில் இருக்கும் எடையை எடுத்துக்கொண்டு நம் பிள்ளைகளுக்கு வடிவமைக்காதே.

---

பழைய_பட்டறை எழுதியது:

அம்மா சொன்ன வின்ச் கணக்கு ரொம்பச் சரி. லாக் புத்தகத்தில் மணிக்கு ஒரு கட்டமும் இழுப்புக்கு ஒரு கட்டமும் தனித்தனியாக வேண்டும் என்று நான் கத்திக்கொண்டே இருந்தேன். தம்பி, ஸ்பார் வேரின் இணைப்பு ஊசிகளைக் கழற்றாமலே எட்டிப் பார்க்க முடியுமா என்று வரைபடத்தில் சரிபாருங்கள். ஒரு சின்னக் கண்ணாடியும் டார்ச்சும் நுழையும் அளவு ஓட்டை போதும்.

---

கோவை_ஏரோ எழுதியது:

ஒரு வாரம் கழித்து வருகிறேன். ஹாஸ்டல் மெஸ்ஸில் அரிசி மூட்டை நிறுக்கும் தராசை இரவல் வாங்கி 38 பேரை நிறுத்தினோம். குறைந்தது 43 கிலோ, அதிகம் 96. 38-இல் 17 பேர் பாராசூட்டைச் சேர்த்தாலும் 70-ஐத் தொடவில்லை. 43 கிலோ எங்கள் குழுவிலேயே இருக்கும் பெண். முதலில் அவள் தராசில் ஏற மறுத்தாள், அக்காவின் பதிவைப் படித்துக் காட்டிய பிறகு ஏறினாள்.

பாராசூட்டோடு 50. உங்கள் எண்களில் போட்டால் முன்னால் 14.4 கிலோ ஈயம் வேண்டும். 17 மீட்டருக்கு இறங்கிவிட்டோம், கிளாஸ், ஒன்றன்பின் ஒன்றாக இருக்கை, நிலையான சக்கரம். இருக்கைக்கு அடியில் மூடி, ஸ்பார் வேரில் டார்ச் ஓட்டை இரண்டும் வரைபடத்தில் வந்துவிட்டன, ஐயா. முன்சாய்வு 2 டிகிரியா 3 டிகிரியா என்று இன்னும் பேசிக்கொண்டிருக்கிறோம். ஈயப் பெட்டியை அவளே வரைந்தாள், 16 கிலோ கொள்ளும், இரண்டு பூட்டு.